அப்பீல் கேட்காத மேஜர்

சனிக்கிழமை காலை ஜாலான் புசாரில் ஒரு ஹார்டுவேர் கடையில் ஏர்கான் குழாய்க்கு அளவு சொல்லிக்கொண்டிருந்தேன். அப்போதுதான் நம் அணியின் வாட்ஸ்அப் குழுவில் அந்தச் செய்தி வந்தது. மேஜர் குணசீலன் காலமானார். மாரடைப்பு, எழுபத்திரண்டு வயது. "எத்தனை அடி?" என்று கடைக்காரர் இரண்டு மூன்று முறை கேட்டிருக்கிறார். எனக்குக் காதில் விழவில்லை.

அவரோடு ஆடிய உங்களுக்கு அவரைப் பற்றி நான் புதிதாகச் சொல்ல என்ன இருக்கிறது? ஒன்றே ஒன்று இருக்கிறது. அதற்குக் கொஞ்சம் சுற்றித்தான் வரவேண்டும்.

பதினைந்து ஆண்டுகள் அவருடைய சுழற்பந்துக்கு நான் விக்கெட் கீப்பராக நின்றேன். இராணுவ முகாமில் அவர் ஒரு கட்டளை போட்டால் திடலின் அந்தக் கோடியில் நிற்பவனுக்கும் முதுகு நிமிரும் என்பார்கள். அப்பேர்ப்பட்டவர் பந்தைக் கையில் எடுத்தால் ஊமையாகிவிடுவார். நாங்கள் 'அவுட்' என்று நடுவரிடம் தொண்டை கிழிய அப்பீல் கேட்போம், அவர் அடுத்த பந்துக்குக் கையை நீட்டிக்கொண்டு நிற்பார். காரணம் கேட்டால், "கண்ணால பார்த்தாதான் கேப்பேன் லா" என்பதோடு சரி.

முருகனுக்கு வேண்டுதல் என்றார் ஒருவர். கத்திக் கத்தித் தொண்டை போய்விட்டது என்றார் இன்னொருவர். எனக்கோ எதையும் தோண்டித் துருவாவிட்டால் சோறு இறங்காது. அவர் மனைவி கமலா அக்காவிடமே கேட்டுப் பார்த்தேன். "வீட்டுலயும் அப்படித்தான் தம்பி. டிவி ரிமோட் காணாம போனாகூட யாரு எடுத்தான்னு கேக்க மாட்டாரு. அவரே குனிஞ்சு தேடுவாரு" என்று சிரித்தார். துப்புத் துலங்கியபாடில்லை.

பிறகு, அவர் நம் அணித் தலைவராக இருந்தபோது, அந்த ஆட்டம் வந்தது. உங்களில் யாரும் அதை மறந்திருக்க மாட்டீர்கள். தோற்றால் நாம் கீழ்ப்பிரிவுக்கு இறங்கிவிடுவோம். எதிரணிக்குக் கடைசி விக்கெட், வேண்டியது நான்கு ஓட்டம். மேஜரின் பந்து மட்டையைத் தாண்டி என் கையுறைக்குள் வந்தது. மட்டையில் பட்டது, அவுட் என்று நான் குதித்துக் கத்தினேன். நடுவர் மேஜரைப் பார்த்தார். மேஜர் வாயைத் திறக்கவில்லை. நடுவரும் அவுட் இல்லை என்று தலையை ஆட்டிவிட்டார். அடுத்த பந்து எல்லைக் கோட்டைத் தாண்டியது.

நான் அவர் காரில்தான் லிட்டில் இந்தியாவுக்குச் சாப்பிட வந்தேன். வழியெல்லாம் முகத்தைத் திருப்பிக்கொண்டிருந்தேன். ஒரு சிக்னலில் நின்றபோது அவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்.

"மட்டையில பட்டத நீ பார்த்தியா?"

"பார்த்தேன் சார்."

"அப்ப நான்தான் தப்பு."

சாப்பாட்டுக் கடையில் இலை போடுவதற்கு முன்பே எழுந்து நின்றார். "கீப்பர் பார்த்துட்டுதான் கேட்டான். நான் வாய் திறக்கல. தோத்தது என்னால. சாரி" என்றார். அடுத்த மாதம் தலைமைப் பொறுப்பை அவரிடமிருந்து எடுத்துவிட்டோம். கிண்டல் மட்டும் பல வருடங்களுக்கு ஓடியது. அவர் ஒருநாள்கூட மறுத்துப் பேசவில்லை.

ஞாயிற்றுக்கிழமை செங்காங்கில் அவருடைய அடுக்குமாடி புளோக்கின் கீழ்த்தளத்தில் உடலை வைத்திருந்தார்கள். என் பக்கத்து நாற்காலியில் அறுபதைத் தாண்டிய ஒருவர் உட்கார்ந்திருந்தார். பரமசிவம் என்று பெயர் சொன்னார். மேஜர் இளம் லெஃப்டினண்டாக இருந்தபோது அவரிடம் பயிற்சி பெற்றவராம். அவரிடமும் அப்பீல் கதையை எடுத்தேன். அவர் சிரிக்கவில்லை.

"சுடுற பயிற்சி முடிஞ்சதும், என்கிட்ட தோட்டாவோ சுட்ட தோட்டாவோட காலி உறையோ இல்ல சார்னு ஒவ்வொருத்தனும் சத்தமா சொல்லணும். உங்களுக்குத் தெரியும்தானே? நானும் சொன்னேன். கேம்ப்புக்கு வந்து பார்த்தா என் இடுப்புப் பையில ஒரு காலி உறை. பொய் சொல்லிட்டான்னு குணா சார் ரிப்போர்ட் எழுதிட்டாரு. வீட்டுக்கு விடல. அந்த வாரம்தான் எங்க அக்காவுக்குக் கல்யாணம். பொரி போட வேண்டிய ஒரே தம்பி நான். எனக்குப் பதிலா சித்தப்பா மகன நிறுத்துனாங்க."

"அப்புறம்?"

"சில மாசம் கழிச்சு அவரே சுடும்போது, பக்கத்துல சுட்டவனோட துப்பாக்கியிலேர்ந்து தெறிச்ச உறை அவரு பையில விழுந்துருக்கு. அப்பதான் அவருக்குப் புரிஞ்சிருக்கு. மறுநாளே கிளமெண்டில எங்க வீட்டுக்கு வந்துட்டாரு. அக்கா, மாமா எல்லாரும் இருந்தாங்க. 'உங்க தம்பி உண்மையத்தான் சொன்னான். நான் பாக்காம பழி போட்டுட்டேன்'னு கைகட்டி நின்னாரு. ஆபீசர் சார், என்கிட்ட! ஒவ்வொரு தீபாவளிக்கும் அக்காவுக்கு போன் பண்ணுவாரு. போன தீபாவளிக்கும் பண்ணாரு."

இத்தனை வருடமாகத் தோண்டிய கேள்விக்குப் பதில் கிடைத்துவிட்டது. ஆனால் என்னால் அங்கே உட்கார முடியவில்லை. ஏனென்றால், நண்பர்களே, அன்று நான் ஒரு சத்தத்தைத்தான் கேட்டேன். பந்து மட்டையில் பட்டதா, காலில் கட்டிய பேடில் பட்டதா, இன்றுவரை எனக்குத் தெரியாது. கோபத்தில் 'பார்த்தேன்' என்று சொல்லிவிட்டேன். உண்மையைச் சொன்ன ஒருவரை நம்பாமல் போனவர், அந்த உறுத்தலில்தான் பொய் சொன்ன என்னை ஒரு கேள்வியோடு நம்பியிருக்கிறார்.

காரியம் முடிந்தபின் கமலா அக்காவிடம் போய்ச் சொன்னேன். "அவரு இருக்கும்போதே சொல்லியிருக்கலாமே தம்பி" என்றார். சொல்லியிருக்கலாம். அவரோடு எத்தனையோ முறை காரில் போயிருக்கிறேன். வெட்கமாக இருக்கிறது.

அவருடைய பந்துவீச்சு எனக்கு வராது, அவருடைய பொறுமையும் வராது. தப்புச் செய்தவன் தானே வீடு தேடிப் போய், எல்லார் முன்னாலும் நின்று சொல்ல வேண்டும் என்பதை மட்டும் அவரிடமிருந்து எடுத்துக்கொள்கிறேன். அந்த மேசையில் அன்று உட்கார்ந்திருந்த உங்கள் எல்லாருக்கும் சொல்கிறேன். நான் பார்க்கவில்லை. நாம் தோற்றது அவரால் அல்ல.