கடைசி ஆளின் விசில்

மலைக்கு ஆட்களைக் கூட்டிப் போகும்போது முன்னால் நடப்பவர் திரும்பிப் பார்க்கக் கூடாது. யாரும் எழுதி வைத்த சட்டம் இல்லை, அண்ணனும் நானும் எங்களுக்குள் போட்டுக்கொண்டது. நான் முன்னால். அண்ணன் கடைசியில். நடுவில் கண்டி பார்க்க வந்த நாலைந்து பேர், கழுத்தில் கெமராவும் காலில் புதுச் சப்பாத்துமாக. ஹந்தானை மலையில் பனி இறங்கிவிட்டால் திரும்பிப் பார்த்தாலும் ஒன்றும் தெரியாது. அதனால் உட்கார்ந்து இளைப்பாறி எழும்பும் ஒவ்வொரு தடவையும் அண்ணன் பின்னாலிருந்து ஒரு விசில் அடிப்பான். வாயால்தான். இரண்டு குட்டை, ஒரு நீளம். எல்லாரும் இருக்கிறார்கள், நீ போகலாம் என்று அர்த்தம். அது கேட்டால் என் கால் தானாக நடக்கும். கேட்காதவரை கல்லுப் போல நிற்பேன்.

அந்த நீள விசில் முடியும் இடத்தில் 'ஸ்ஸ்' என்று காற்று ஒழுகும். சின்ன வயதில் எங்கள் தேயிலைத் தோட்டத்து லயத்து வீடுகளுக்கு முன்னால் கிரிக்கெட் ஆடும்போது பந்து பட்டு அவனுடைய முன்பல் பாதி உடைந்துபோனது. ஓட்டை அதனால் வந்தது.

"டயர்ல காத்து போற மாதிரியே இருக்கு. கேக்கிறவங்க பாம்புனு நெனச்சு ஓடப் போறாங்க" என்பேன்.

"ஓடட்டுமே. வெரசா மேல போய்ச் சேந்துரலாம்" என்பான்.

பிறகு அவனுக்கு வளைகுடாவில் டிரைவர் வேலை சரிவந்தது. நேர்முகத்தில் சிரிக்கச் சொன்னார்களாம், இவன் வாயை மூடிக்கொண்டே சிரித்தானாம். அதுவே வெட்கமாகப் போய்விட, புறப்படுவதற்கு முந்தின நாள் டவுனில் பல்லைக் கட்டிக்கொண்டு வந்தான். மறுநாள் குட்ஷெட் பஸ் ஸ்டாண்டில் பஸ் நகர்ந்தபோது ஜன்னலில் தலையை நீட்டி எங்கள் விசிலை அடித்தான். இரண்டு குட்டை, ஒரு நீளம். ஒழுகல் இல்லை. பொலிஸ்காரன் விசில் மாதிரி சுத்தமாக இருந்தது.

"அய்ய, இது யாரு வீட்டு விசிலு?" என்று அம்மா சத்தமாகக் கேட்டாள். பஸ்ஸுக்குள் இருந்தவர்கள்கூடச் சிரித்தார்கள்.

நாங்கள் அவனை உயிரோடு கண்டது அவ்வளவுதான். அங்கே மாரடைப்பு என்றார்கள். பெட்டி வந்தது. திறக்கக் கூடாது என்று அதன் மேல் ஒட்டியிருந்தது. பெரியவர்கள் அந்த ஒட்டுத்தாளுக்குக் கட்டுப்பட்டார்கள்.

"மூஞ்சியக் காட்டாம மண்ணு தள்ளச் சொல்றீங்களா?" என்று அம்மா கேட்டாள். ஒரு தடவைதான். பெட்டியை அப்படியே தூக்கினார்கள். அவளும் பிறகு கேட்கவில்லை. அவள் அழவும் இல்லை என்பது எனக்குப் பிறகுதான் உறைத்தது.

நான் மலைக்குத் திரும்பினேன். வேறு என்ன செய்வது? கடைசி ஆளாக இப்போது திகனயிலிருந்து வேன் ஓட்டிக்கொண்டு வரும் முஸ்லிம் அண்ணன் ஒருவர் நடந்தார், நானா என்றுதான் அவரைக் கூப்பிடுவேன். அவருக்கு வாய் விசில் வராது. பள்ளிக்கூட விளையாட்டுப் போட்டிக்கு ஊதும் பிளாஸ்டிக் விசிலைக் கழுத்தில் மாட்டிக்கொண்டார். அதன் சத்தம் காதைக் கிழிக்கும். குரங்குக் கூட்டமே கலைந்து போகும். ஆனால் குழப்பம் இல்லை.

பைனஸ் காடு முடிந்து மானாப் புல் தொடங்கும் இடத்தில் தட்டையான பாறை ஒன்று இருக்கிறது. எல்லாக் குழுவும் அங்கே உட்காரும். நானாவோடு போகத் தொடங்கிய புதிதில், ஒரு நாள் அந்தப் பாறையில் பனி மூடியது. நான் கொஞ்சம் முன்னே போய்ப் புல்லுக்குள் நின்று காத்திருந்தேன். விசில் கேட்டது. நடந்தேன். ஒரு வளைவு, இன்னொரு வளைவு. அப்போதுதான் பின்னால் பிளாஸ்டிக் விசில் விட்டுவிட்டு அலறியது.

நானா மூச்சிரைக்க ஓடி வந்தார். "தங்கச்சி, எங்க போறீங்க? நான் இன்னம் ஊதவே இல்லயே!"

"ஊதினீங்க நானா."

"அல்லாவே, வாயில ரோல்ஸ வெச்சிட்டு எப்பிடி ஊதுறது?"

உண்மைதான். அவருடைய மீசையில் ரோல்ஸ் தூள் இருந்தது. பாறையில் எல்லாரும் இன்னும் சாப்பிட்டுக்கொண்டுதான் இருந்தார்கள். என்னை நடக்க வைத்தது எந்த விசில் என்று அப்போது யோசித்தேன். இரண்டு குட்டை, ஒரு நீளம், கடைசியில் ஒழுகல். அப்படியே புல்லில் உட்கார்ந்துவிட்டேன். அட்டை கடித்துவிட்டது என்று நினைத்து ஒருவர் அட்டைக்குத் தேய்க்கும் சவர்க்காரக் கட்டியை எடுத்து நீட்டினார்.

எனக்குப் பேயில் நம்பிக்கை இல்லை. ஏ.எல்.லில் உயிரியல் படித்தவள், பறவைப் படம் போட்ட புத்தகத்தைத் தலையணைக்குக் கீழே வைத்துத் தூங்குகிறவள். ஆனாலும் அந்த வாரம் முழுவதும் பாறைக்குக் கிட்டப் போகும்போது முதுகு கூசியது. விசிலும் கேட்டது, ஒரு நாள் இடப்பக்கம், இன்னொரு நாள் தலைக்கு நேர் மேலே. அடிப்பது யார் என்று ஒரு வெயில் நாளில்தான் கண்டேன். பட்ட மரத்துக் கிளையில் ஒரு கொண்டைக் கரிச்சான். கறுப்புக் குருவி, நெற்றியில் சின்னக் கொண்டை, பிளந்த வால். தொண்டை புடைத்தது. என் அண்ணன் விசில் அடித்தான்.

"கவுடு பணிக்கா" என்றார் நானா. சிங்களத்தில் அதற்கு அதுதான் பெயர். "இது பூன மாதிரியும் கத்தும், தங்கச்சி. கேக்கிறதெல்லாம் படிச்சிடும்."

எனக்கு முதலில் வந்தது சந்தோஷம்தான். ஓடிப் போய் யாரிடமாவது சொல்ல வேண்டும் போல இருந்தது. நாங்கள் நடந்தால் புல்லிலிருந்து வெட்டுக்கிளியும் அந்துப்பூச்சியும் கிளம்பும். கரிச்சான் எங்கள் பின்னாலேயே வந்து அவற்றைப் பிடிக்கும். விசில் கேட்டால் இந்தக் கூட்டம் எழும்பி நடக்கும், நடந்தால் சாப்பாடு. அதைக் குருவி கண்டுபிடித்திருக்கிறது. நாங்கள் உட்கார்ந்து ரோல்ஸ் தின்றுகொண்டிருந்தால் அதற்குப் பசிக்கும், எழுப்பிவிடும். எவ்வளவு கெட்டிக்காரத்தனம்! இதை யோசித்துக்கொண்டே இறங்கி வந்தவள் பைனஸ் காட்டுக்குள் நின்றுவிட்டேன். ஊசியிலை மெத்தையில் யாருடைய காலடியும் கேட்காது. அவன் இல்லாத மலையில் அவன் வாயால் என்னை ஒன்று நடத்துகிறது. நானும் நடக்கிறேன்.

அம்மாவிடம் சொல்லவில்லை. ஆனால் கொழுந்து எடுக்கும் பெண்களுக்குக் காது இருக்கிறதே. பீலியடியில் தண்ணீர் பிடிக்கும்போது ஒருத்தி சொல்லிவிட்டாள்: "அக்கா, ஒங்க மகன் விசிலு மேல கேக்குது. சத்தியமா."

அடுத்த நாள் அம்மா வேலைக்குப் போகவில்லை. தேங்காய் ரொட்டியும் கட்டைச் சம்பலும் வாழையிலையில் கட்டிக்கொண்டு மேலே போனாள். அதற்கடுத்த நாளும் போனாள். பாதையில் இருந்தாலாவது பரவாயில்லை, சத்தம் வந்த பக்கமெல்லாம் போனாள். அந்தப் புல் முடியும் இடத்தில் மலையும் முடிகிறது, பனியில் அது தெரியாது. ஒரு பின்னேரம் முழங்கால் தோல் கிழிந்து, சேலையெல்லாம் சேறாக வந்து நின்றாள். பார்சல் பிரிக்கப்படாமல் கையிலேயே இருந்தது.

"அது குருவிம்மா" என்றேன்.

"குருவிக்கு எப்படிடி எம்புள்ள விசிலு தெரியும்?"

"கேட்டுப் படிச்சிருக்கு."

"பெட்டியத் தொறந்தாங்களா?" அம்மா அடுப்பைப் பார்த்துக்கொண்டே கேட்டாள். "இல்லல்ல? அவன் எதுக்கோ பயந்து வந்து ஒளிஞ்சிருக்கான். நீங்க கூட்டம் கூட்டமா ஆளுகளக் கூட்டிட்டுப் போனா எப்படி எறங்கி வருவான்?"

இப்படியே விட்டால் ஒரு நாள் அவளையும் கீழேயிருந்துதான் தூக்கி வரவேண்டும். கண்ணால் பார்த்தால் நம்புவாள் என்று நினைத்தேன். அப்படி நினைப்பதுதான் என் சுபாவம்.

யாழ்ப்பாணத்திலிருந்து ஒரு கணவனும் மனைவியும் வந்த நாளில் அம்மாவையும் சேர்த்துக்கொண்டேன். கூட்டம் வேண்டாம் என்று சொன்னவள், தானும் போனால் அவனுக்குப் பயம் போகும் என்று தனக்குள் ஏதோ கணக்குப் போட்டு வந்தாள். கடைசியில்தான் நடப்பேன் என்றாள். நானா அவளுக்கு முன்னால் வந்தார்.

அன்று மலை தாராளமாக இருந்தது. மலை அணில் ஒன்று கிளைக்குக் கிளை தாவிக் காட்டியது. கருங்கழுகு பள்ளத்துக்கு மேல் இறகை அசைக்காமல் மிதந்தது. அந்த ஐயா எல்லாவற்றையும் படம் எடுத்துவிட்டு, "பிள்ளை, இதுக்குள்ள சிறுத்தை ஏதும் நிக்குமோ?" என்றார்.

நான் சொல்வதற்குள் அம்மா பின்னாலிருந்து சொன்னாள்: "இருந்தா ஒங்களத்தான் மொதல்ல புடிக்கும். சட்டை அந்த மஞ்சளு மஞ்சளா இருக்கு."

"நான் வீட்டிலயே சொன்னனான், கேட்டாரோ?" என்று அவர் மனைவி சிரித்தார். அம்மாவும் சிரித்தாள். எத்தனையோ மாதத்துக்குப் பிறகு அந்தச் சிரிப்பு. பார்சலை மட்டும் மாரோடு அணைத்திருந்தாள்.

பாறைக்கு வந்து உட்காரும்போதே கீழிருந்து பனி ஏறத் தொடங்கிவிட்டது. பட்ட மரம் போனது. பைனஸ் காடு போனது. பாறையும் நாங்களும் மட்டும் மிஞ்சினோம். நான் பைனாகுலரைக் கண்ணில் வைத்து வெள்ளையைப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

விசில் வந்தது.

அந்த ஐயாவும் மனைவியும் எழும்பிப் பையை மாட்டினார்கள். புறப்படச் சொல்கிறார்கள் என்று நினைத்திருப்பார்கள். அம்மாவும் எழும்பினாள், வேறு காரணத்துக்காக. சத்தம் வந்த பக்கம் பாறையின் விளிம்புக்குப் போனாள். நானா அவள் முழங்கையைப் பிடித்துக்கொண்டார்.

"பொறும்மா, இப்பத் தெரியும், காட்டுறேன்" என்று நான் கண்ணாடியைத் திருகித் திருகிப் பார்த்தேன். ஒன்றும் இல்லை. என்னிடம் இருந்த ஒரே சாட்சி பனிக்குள் இருந்தது.

மறுபடி விசில். கிட்டத்தில். இரண்டு குட்டை, ஒரு நீளம், ஸ்ஸ்.

அம்மா அசையாமல் நின்றாள். பிறகு ஒரு விரலைத் தூக்கித் தன் முன்பல்லைத் தொட்டாள்.

"பல்லக் கட்டிட்டுத்தான போனான்?" என்றாள்.

எனக்கு உடனே விளங்கவில்லை. "ஆமா" என்றேன்.

"பஸ்ல சுத்தமா அடிச்சானே. நான்கூட யாரு வீட்டு விசிலுனு கேட்டேன்." விசில் வந்த பக்கம் கையை நீட்டினாள். "இது ஓட்டப் பல்லு விசிலு. பழசு."

இத்தனை நாளும் அந்த ஒழுகலைக் கேட்டுக் கேட்டு அண்ணன்தான் என்று நடுங்கிய எனக்கு இது தோன்றவே இல்லை. அவன் திரும்பி வந்திருந்தால் இப்படி அடிக்க முடியாது.

அம்மா பாறையில் உட்கார்ந்தாள். சத்தம் போடவில்லை. தோள் மட்டும் குலுங்கிக்கொண்டிருந்தது. நானா பிளாஸ்டிக் விசிலைச் சட்டைக்குள் போட்டுக்கொண்டு வேறு பக்கம் பார்த்தார். ஐயாவின் மனைவி அவள் பக்கத்தில் போய் உட்கார்ந்தார். பனி கொஞ்சம் விலகியது. "அந்தா பிள்ளை, கொண்டைக் குருவி!" என்று ஐயா கெமராவைத் தூக்கினார். பட்ட மரத்தில் அது இருந்தது, நான் காட்ட ஏங்கிய குருவி. அம்மா தலையைத் தூக்கிப் பார்க்கவில்லை.

நேரம் போனது. பிறகு அவள் முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு பார்சலைப் பிரித்தாள். ரொட்டியைப் பிய்த்து எல்லாருக்கும் கொடுத்தாள். நானாவுக்குச் சம்பல் கூட வைத்தாள். கடைசித் துண்டைத் தான் தின்றாள். இலையை மடித்து இடுப்பில் செருகினாள்.

கரிச்சானுக்குப் பொறுமை போய்விட்டது. எல்லாரும் இருக்கிறார்கள், போகலாம் என்றது. நான் பாறைக்கு முன்னால் என் இடத்தில் நின்றிருந்தேன். கால் கூசியது. நடக்கவில்லை. இன்னொரு தடவை அடித்தது. அப்போதும் நின்றேன்.

பின்னாலிருந்து அம்மாவின் கரகரத்த குரல் வந்தது. "போடி. இருக்கிறவங்க எல்லாம் எந்திரிச்சாச்சு."

நடந்தேன். திரும்பிப் பார்க்கவில்லை. எங்கள் காலடியில் வெட்டுக்கிளிகள் கிளம்பும் சத்தமும், அதற்கும் பின்னால், அம்மாவின் தலைக்கு மேலே எங்கேயோ கரிச்சானின் சிறகடிப்பும் மலை இறங்கும்வரை கேட்டுக்கொண்டே வந்தன.