கேல், கேல்

என் அத்தைக்கு இரண்டு ஆண்கள். ஒருவர் தாலி கட்டிய மாமா, துபாயில் இருந்தார். இன்னொருவர் துருக்கிக்காரர், சினிமா நடிகர். மாமா வெள்ளிக்கிழமை மட்டும் போனில் வருவார். துருக்கிக்காரர் எப்போது வேண்டுமானாலும் வருவார்.

மழைக்காலத்தில் மரக்காணத்து உப்பளமெல்லாம் முழுகிவிடும். உப்பு வாரும் வேலை இல்லாமல் அத்தை எங்கள் வீட்டுப் பின்னறையில் போனும் கையுமாகக் கிடப்பாள். துணைக்கு நான். டிவியில் தமிழ் பேசிய துருக்கி சீரியல் ஒன்றில் அவர் கிழ அப்பாவாக வந்தார். அந்த முகத்தைப் போனில் தேடினால் அவருடைய பழைய படங்களாக வந்து கொட்டின. தமிழும் இல்லை, சப்டைட்டிலும் இல்லை. அதனால் என்ன? ஒன்றில் மீசை முளைக்காத பையனாக அடி வாங்கிச் சிரிக்கவைத்தார். ஒன்றில் படுபாவி வில்லன். ஒன்றில் நீளக் கழுத்து வீணை மாதிரி எதையோ மீட்டி அவரே பாடினார். இன்னொரு வீடியோவில் கேமராவுக்குப் பக்கத்தில் உட்கார்ந்து எல்லோரையும் அதட்டிக்கொண்டிருந்தார். டைரக்டராம்.

"இந்த மனுசனுக்குத் தெரியாத வேலையே இல்லடி," என்பாள் அத்தை, ஏதோ அவள்தான் பழக்கிவிட்ட மாதிரி.

எந்த வேஷமானாலும் கதாநாயகியைப் பார்த்துக் கையை நீட்டி ஒரு வார்த்தை சொல்வார்: "கேல், கேல்." எங்களுக்கு அது தமிழ்தான்.

"கேளு கேளுன்றாரு பாரு. சொல்லுங்க சாமி, கேட்டுக்கினுதான இருக்கேன்," என்று அத்தை போனுக்குப் பதில் சொல்வாள். நான் விழுந்து விழுந்து சிரிப்பேன்.

ஒரு வெள்ளிக்கிழமை அவள் மாமாவிடம், "நானும் அங்க வந்துடட்டுமாங்க?" என்று கேட்டாள். ஸ்பீக்கரில் மாமா குரல் வந்தது. "நான் சொல்றத கேளு. ரூம்ல நாலு பேரு இருக்கோம். அப்புறம் பாக்கலாம், கேளு." போன வருஷமும் அதே நாலு பேர்தான்.

"வான்னு ஒரு வார்த்தை வர்ல பாரு அந்த வாயில," என்று சுவரைப் பார்த்துச் சொன்னாள். பிறகு துருக்கிக்காரரைப் போட்டாள். அவர் மழையில் நனைந்தபடி கையை நீட்டினார். கேல். அத்தை தேம்பித் தேம்பி அழுதாள். நிம்மதியாகப் படம் பார்க்க விடுகிறாளா என்று எனக்கு ஒரே எரிச்சல். எழுந்து வெளியே போய்விட்டேன்.

சில வருஷம் கழித்து, கல்லூரி ஹாஸ்டலில் ஒரு தோழி சப்டைட்டிலோடு துருக்கி சீரியல் பார்த்துக்கொண்டிருந்தாள். ஒருவன் கையை நீட்டி "கேல்" என்றான். கீழே எழுத்து வந்தது: வா.

அத்தையைக் கூப்பிடப் போனை எடுத்தேன். அவள் இன்னும் அந்தப் பின்னறையில்தான் இருக்கிறாள். கூப்பிடாமலே வைத்துவிட்டேன். அத்தனை மழைக்காலமும் ஒரு மனுஷன் கையை நீட்டி வா, வா என்று கூப்பிட்டிருக்கிறான். நாங்கள் இரண்டு பேரும் கேட்டுக்கொண்டே உட்கார்ந்திருந்தோம்.