கொக்கிக்குப் பக்கத்தில் நின்றவர்

நம் குடியிருப்பின் வாட்ஸப் குழுவில் அன்று காலை நான் ஒரு ஜோக் போட்டிருந்தேன். வரிசையாகச் சிரிப்பு முகங்கள் வந்து விழுந்துகொண்டிருந்தபோது, நடுவில் மாணிக்கம் அண்ணனின் மனைவி சரோஜா அண்ணியின் செய்தி: "அவர் போயிட்டார்." அதற்கடியிலும் ஒரு சிரிப்பு முகம். என் ஜோக்கைத் தாமதமாகப் படித்த இரண்டாவது மாடிக்காரர் போட்டது. அண்ணன் பார்த்திருந்தால் சிரித்திருப்பார். எனக்குத்தான் முடியவில்லை.

அவர் கடற்படையின் மீட்பு இழுவைக் கப்பலில் வேலை பார்த்தவர். கடலே இல்லாத தென்னூரில் ஒரு கப்பல்காரர் குடியிருந்தால் சும்மா விடுவோமா? "காவிரியில ஓட்டுனீங்களாண்ணே?" என்று கேட்டுக் கேட்டு அவரைப் படுத்தியவர்களில் முதல் ஆள் நான். அவரும் சளைக்கமாட்டார். "எங்க கப்பலெல்லாம் ஒரே அச்சு தம்பி. சப்பை மூக்கு, பெருத்த இடுப்பு. ரயில் எஞ்சினைத் தூக்கித் தண்ணியில போட்ட மாதிரி இருக்கும். போர்க்கப்பல் போட்டோவுல ஓரமா கொஞ்சம் புகை தெரியும் பாருங்க, அதான் நாங்க." புயல் என்று மற்ற கப்பல்கள் ஒதுங்கும்போது, மாட்டிக்கொண்ட ஒன்றைத் தேடி இவை கிளம்பும்.

ஒரு மழையில் நம் கீழ்த்தளத்துக்குள் தண்ணீர் புகுந்து என் கார் பாதி முங்கிக் கிடந்தது நினைவிருக்கும். காரில் கொக்கி மாட்டி எல்லோரும் கயிற்றைப் பிடித்தோம். அண்ணன் தொடவில்லை. கொக்கிக்குப் பக்கத்தில் சுத்தியலோடு நின்றார்.

"என்னண்ணே, வேடிக்கையா?"

"இழுக்க நாலு பேர் வருவாங்க. ஆபத்துன்னா கொக்கியைத் தட்டி விட ஒருத்தன் நிக்கணும். அங்க எனக்கு அதான் வேலை."

அதை வைத்துக் கொஞ்ச காலம் கிண்டல் ஓட்டினேன்.

ஆடி அமாவாசை, தை அமாவாசை வந்தால் அவர் யாரிடமும் சொல்லாமல் எங்கோ போய்விட்டு வருவார். உப்பிலியபுரத்தில் இன்னொரு குடும்பம் என்று கதை கட்டி, எல்லா மாடிகளுக்கும் விநியோகித்தது யார் என்று உங்களுக்கே தெரியும்.

பிறகு ஓர் ஆடி அமாவாசையில், என் அப்பாவுக்குத் தர்ப்பணம் கொடுக்க ஸ்ரீரங்கம் அம்மா மண்டபப் படித்துறைக்குப் போனேன். நெரிசலில் எனக்கு முன்னால் உட்கார்ந்திருந்தவர் அண்ணன்.

"யாருக்கு? பேர் சொல்லுங்கோ" என்றார் சாஸ்திரிகள்.

"அஞ்சு பேர் சாமி. பேர் தெரியாது."

"பேர் தெரியாம என்ன ஓய் உறவு?"

"கடல்ல போனவங்க."

சாஸ்திரிகள் தர்ப்பையை எடுத்துக் கொடுத்தார். ஐந்து தடவை தனித்தனியாக எள்ளும் தண்ணீரும் விடவைத்தார்.

படியில் உட்கார்ந்து அண்ணன் சொன்னார். புயலில் எஞ்சின் நின்றுபோன ஒரு சரக்குக் கப்பலை இழுத்து வந்திருக்கிறார்கள். வழியில் அது மூழ்கத் தொடங்கியது. ஆட்களை எடுக்கப் படகு இறக்கிப் பார்த்தார்கள், அலை விடவில்லை. கயிறு இருக்கும்வரை அது இவர்களையும் சேர்த்து உள்ளே இழுக்கும்.

"கேப்டன் 'விடு'ன்னார். சம்மட்டி என் கையில. மூஞ்சி தெரியல தம்பி, ஆரஞ்சு ஜாக்கெட்தான் தெரிஞ்சுது. அஞ்சு. எல்லாரும் கை ஆட்டுனாங்க. விடாதேன்னு ஆட்டுனாங்களா, விட்டுட்டுப் போங்கன்னு ஆட்டுனாங்களா... இன்னி வரைக்கும் தெரியல. நான் தட்டிட்டேன்."

"பேர் விசாரிச்சிருக்கலாமேண்ணே?"

"விசாரிச்சிருக்கலாம். பேர் தெரிஞ்சா வீடு தெரியும். வீடு தெரிஞ்சா போகணுமில்ல? அதுக்கு தைரியம் வரல."

உப்பிலியபுரக் கதையை அன்றோடு நிறுத்தினேன்.

கடைசியாக ஆஸ்பத்திரியில் பார்த்தபோது மூச்சு வாங்கியது. ஆனாலும் கேட்டார்: "எனக்குப் பிள்ளை இல்ல. எனக்கு யாரும் ஊத்தாட்டியும் பரவால்ல. அந்த அஞ்சு பேருக்கு?"

நான், "நீங்களே வந்து ஊத்துவீங்க, கிளம்புங்க" என்று வழக்கம்போல ஜோக்கடித்தேன். அவர் சிரிக்கவில்லை. என் முகத்தையே பார்த்தார். "நான் ஊத்தறேண்ணே" என்றேன். கண்ணை மூடிக்கொண்டார்.

வாசல்வரை வந்து திரும்பிப் பார்த்தேன். கையை ஆட்டினார். போயிட்டு வாங்க என்றா, போகாதீங்க என்றா, தெரியவில்லை. பார்வையாளர் நேரம் முடிந்தது என்று நர்ஸ் சொன்னார். நான் வந்துவிட்டேன்.

அண்ணன் எனக்கு மிச்சம் வைத்திருப்பது அந்தக் கேள்வியையும் அந்த ஐந்து பேரையும்தான். வருகிற ஆடியில் சாஸ்திரிகள் கேட்பார். என் அப்பா பெயரைச் சொல்வேன். பெயர் தெரியாத ஐந்து பேர் என்பேன். பிறகு, "இன்னொருத்தர் இருக்கார் சாமி, அவர் பேர் தெரியும்" என்பேன்.