மேலே போட்ட தேதி

என் கணவர் டெல்லியில் சப்-இன்ஸ்பெக்டராக இருந்தார். நான் ஓர் அமைச்சகத்தில் டைப்பிஸ்ட். சரோஜினி நகரில் என் பெயருக்குக் கிடைத்த குவார்ட்டர்ஸில்தான் குடியிருந்தோம். அதைச் சொல்லிக்காட்ட எந்தச் சந்தர்ப்பத்தையும் நான் விட்டதில்லை. மனிதர் பால் வாங்கப் போனால்கூட “ஆறு பத்துக்குப் போறேன்” என்று சொல்லிவிட்டுத்தான் படி இறங்குவார். ஸ்டேஷனில் ரோஜ்நாம்சா என்று ஒரு தினசரி டைரி உண்டு. யார் எப்போது வெளியே போனார்கள், எப்போது திரும்பினார்கள் என்பதெல்லாம் அதில் ஏறியாக வேண்டும். அந்தப் பழக்கத்தை வீட்டுக்கும் கொண்டுவந்துவிட்டார்.

ஆசிய விளையாட்டுப் போட்டி நடந்த வருஷம். ஊரே டிவி முன்னால் உட்கார்ந்திருக்க, இவர் மூன்று வாரம் ஸ்டேடியம் பந்தோபஸ்தில் நின்று கால் வீங்கி வந்தார். திரும்பிய அன்றே ஸ்டேஷனில் எழுத்து வேலை பார்க்கும் முன்ஷி ஒரு பட்டியலை நீட்டினார். சப்-இன்ஸ்பெக்டர்களின் சீனியாரிட்டி பட்டியல். பார்த்ததற்கு அடையாளமாக எல்லாரும் கையெழுத்துப் போட வேண்டும். முதல் ஆள் மேலே போட்ட தேதியையே கடைசி ஆள் வரை போடுவது அங்கே வழக்கம். காகிதம் பார்க்க ஒழுங்காக இருக்குமாம். இவரும் மூன்று வாரத்துக்கு முந்திய அந்தத் தேதியைப் போட்டுவிட்டு, அதற்குப் பிறகுதான் பட்டியலைப் படித்தார். இவருக்குப் பின்னால் வேலையில் சேர்ந்த பதினோரு பேர் இவருக்கு மேலே இருந்தார்கள்.

ஆட்சேபம் எழுத முப்பது நாள் அவகாசம். இவர் பட்டியலைப் பார்த்த பதினைந்தாம் நாளே கொடுத்தார். கையெழுத்துத் தேதியிலிருந்து எண்ணிப் பார்த்து, காலம் கடந்துவிட்டது என்று திருப்பி அனுப்பிவிட்டார்கள். அடுத்த வருஷம் அந்தப் பதினோரு பேரில் சிலர் இன்ஸ்பெக்டராகி மூன்றாவது நட்சத்திரம் குத்திக்கொண்டார்கள். இவரிடம் வேலை கற்றுக்கொண்ட ஒருவருக்கே இவர் சல்யூட் அடிக்க வேண்டி வந்தது. அன்றைக்குச் சாப்பிடாமல் படுத்துக்கொண்டார். எனக்கு ஆத்திரம் ஆத்திரமாக வந்தது. படிக்காமல் கையெழுத்துப் போடுகிறவருக்கு மீசை எதற்கு என்று கேட்டுவிட்டேன். கேட்டிருக்கக் கூடாது. மறுநாள் நானே அவரைக் கரோல் பாகில் ஒரு வக்கீலிடம் இழுத்துக்கொண்டு போனேன்.

வக்கீல் வயதான பஞ்சாபிக்காரர். காகிதங்களைப் புரட்டிவிட்டு, அந்தக் கையெழுத்தே என்னுடையது இல்லை என்று இவர் சொல்லிவிட்டால் வழக்கு சுலபம் என்றார். இவர் முடியாது என்று எழுந்துவிட்டார். உண்மையைச் சொன்னால் பொய்த் தேதி போட்ட போலீஸ்காரர் என்று இருக்கிற வேலைக்கே உலை வைப்பார்கள் என்று வக்கீல் எச்சரித்தார். திரும்பி வருகிற பஸ்ஸில் நானும் அதையே சொல்லிப் பார்த்தேன்.

“கையெழுத்து என்னுதுதான் புள்ள,” என்றார். “தேதிதான் என்னுது இல்ல. அத அப்படியே சொல்லிருதேன். ஆனது ஆகட்டும்.”

ஆனாலும் அந்த வாக்குமூலத்தை நான்தான் டைப் அடித்தேன். என் ஆபீஸ் மெஷினை இவர் தொட விடவில்லை, அது சர்க்கார் சொத்தாம். வக்கீலின் ஓட்டை மெஷினில் உட்கார்ந்து அடித்தேன். பக்கத்தில் நின்றுகொண்டு ஒவ்வொரு தேதியையும் இரண்டு தடவை சரிபார்த்தார். இந்தக் கண் அன்றைக்கு எங்கே போயிருந்தது என்று நினைத்தேன். இந்தத் தடவை அதைக் கேட்காமல் அடுத்த வரியை அடித்தேன்.

வழக்கு இரண்டரை வருஷம் இழுத்தது. கடைசியில் நீதிபதி பட்டியலின் அசலையும் ரோஜ்நாம்சாவையும் கொண்டுவரச் சொன்னார். அன்றைக்கு நானும் அரை நாள் லீவு போட்டுப் பின் பெஞ்சில் உட்கார்ந்திருந்தேன். இவர் ஸ்டேடியத்துக்குப் புறப்பட்டதும் திரும்பியதும் டைரியில் மணி நிமிஷத்தோடு இருந்தன. வீட்டில் நான் கேலி செய்த அதே மணியும் நிமிஷமும்தான். பட்டியலிலோ எல்லார் பெயருக்கு எதிரிலும் ஒரே தேதி. அந்தத் தேதியில் ஒருவர் கால் முறிந்து ஆஸ்பத்திரியில் கிடந்தார், இன்னொருவர் தன் கல்யாணத்துக்கு லீவில் போயிருந்தார். டைரி அதையும் சொன்னது. நீதிபதிக்கே சிரிப்பு வந்துவிட்டது. தேதி விஷயத்தில் இவருக்கும் ஒரு குட்டு வைத்துவிட்டு, ஆட்சேபம் உரிய காலத்தில்தான் வந்திருக்கிறது, பட்டியலைத் திருத்துங்கள் என்று உத்தரவு போட்டார்.

நான்கு மாதம் கழித்து ஒரு காலையில் கான்ஸ்டபிள் ஒருவர் வீட்டுக்கே உறை கொண்டுவந்தார். உள்ளே இன்ஸ்பெக்டர் பதவி உத்தரவு இருப்பது எங்களுக்கு முதல் நாளே தெரியும். இருந்தாலும் நான் அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றேன். பெற்றுக்கொண்டதற்குக் கையெழுத்துப் போட அவர் நோட்டை நீட்டினார். முந்தின நாள் யாரோ போட்டிருந்த தேதியை விரலால் காட்டி, அதையே போட்டுவிடுங்கள் சாப் என்றார்.

இவர் பேனாவை நிறுத்திக்கொண்டு என்னைத் திரும்பிப் பார்த்தார்.

“இன்னைக்கு என்ன தேதி?”

சொன்னேன்.

“மணி?”

ஏழு இருபது என்றேன். அதையும் எழுதினார். பிறகுதான் உறையைப் பிரித்தார்.