வாயால் பஸ் ஓட்டிய தேவகி

படப்பை டீக்கடையில் நான்தான் பேசிக்கொண்டிருந்தேன். நான் வாய் திறந்தால் பாய்லர்கூட கொதிப்பதை நிறுத்திக் கேட்கும். அப்போது அக்கா போன் செய்தாள். "தேவகி போய்ட்டாடா." மஞ்சள் காமாலை என்று படுத்தவள் எழவேயில்லை. எனக்குப் பேச்சு நின்றுபோனது. கடைக்காரரே பயந்துவிட்டார்.

பழகியவர்களுக்குத் தெரியும், மற்றவர்களுக்குச் சொல்கிறேன். என் அக்கா மகள் தேவகி, ஒரகடத்தில் கார் பாகம் செய்யும் கம்பெனியில் லைனில் நின்றவள். பிரஸ் மெஷின், பாரம் தூக்கிக்கொண்டு ரிவர்ஸில் வரும் ஃபோர்க்லிஃப்ட் வண்டி, கம்பெனி பஸ் எல்லாவற்றின் சத்தமும் அவள் வாய்க்குள் இருந்தது. அந்தத் தொண்டை என் வழியில் வந்தது என்று குன்றத்தூர் வரைக்கும் சொல்லிவைத்திருக்கிறேன். அவள் மறுத்ததில்லை.

ஒரு ஆயுத பூஜையன்று மெஷின்களுக்குப் பொட்டு வைத்து, மாலை போட்டு, ஓய்வு கொடுத்திருந்தார்கள். பொரிக்கு நின்ற கூட்டத்தின் பின்னாலிருந்து இவள் வாயாலேயே பிரஸ்ஸை ஓட்டினாள். "எவன்டா சாமி கும்புடற நேரத்துல சுவிட்சு போட்டது?" என்று சூப்பர்வைசர் பதறி ஓடிவந்தாராம். எல்லாரும் மெஷினைத்தான் பார்த்தார்கள்.

"சொதப்புனா சிரிக்கிறாங்க மாமா. நல்லா செஞ்சா என்னை யாருமே பாக்க மாட்டேன்றாங்க. ஒரே ஒரு தபா, இது தேவகின்னு தெரிஞ்சி கைதட்டணும்" என்றாள்.

விடுவேனா? எங்கள் தெரு அம்மன் கோயில் ஆடித் திருவிழாவில், பாட்டுக் கச்சேரிக்காரர்களை உருட்டி மிரட்டி, இடையில் மைக் வாங்கிக் கொடுத்தேன். பத்தாயிரம் பேர் கூட்டம். வேண்டுமானால் கொஞ்சம் குறைத்துக்கொள்ளுங்கள். முக்கால்வாசிப் பேர் ஷிப்டுக்குக் கிளம்பி, யூனிஃபார்மோடு பஸ்ஸுக்குக் காத்திருந்தவர்கள். ஃபோர்க்லிஃப்டுக்குச் சிரித்தார்கள். பிரஸ்ஸுக்கு வாயைப் பிளந்தார்கள். கடைசியாகக் கம்பெனி பஸ் ஹார்னை எடுத்தாள்.

"டேய், வண்டி வந்துட்ச்சு, ஓடுரா!" என்று கூட்டத்தில் ஒருத்தன் கத்தினான்.

சாப்பாட்டுப் பையைத் தூக்கிக்கொண்டு கூட்டம் ரோட்டுக்கு ஓடியது. வழியனுப்ப வந்தவர்களும் பின்னால் ஓடினார்கள். ரோட்டில் வண்டியைக் காணோம். ஆனாலும் ஒருத்தரும் திரும்பி வரவில்லை. எப்படியும் வந்துவிடும் என்று அங்கேயே நின்றுவிட்டார்கள்.

காலி நாற்காலிகளைப் பார்த்தபடி தேவகி மைக்கைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

"நல்லா இருந்திச்சா மாமா?"

"ஒரகடமே எழுந்து ஓடுது, இன்னும் இன்னா வேணும் கண்ணு உனக்கு?"

நான் தட்டிய கைதட்டல் தாம்பரத்தில் கேட்டிருக்கும். அவள் சிரித்தாள். "நீ ஒருத்தன் தட்டறது, காலி டப்பால கல்லு போட்டு ஆட்டுற மாதிரி கீது மாமா."

அதற்குப் பிறகு அவள் மேடை ஏறவில்லை.

அவளை எடுத்துப் போனது ஷிப்ட் மாறும் நேரம். வந்திருந்ததே நாலைந்து பேர்தான். பின்னால் கம்பெனி பஸ் வந்து ஹார்ன் அடித்தது. மற்றவர்கள் ஓரமாக ஒதுங்கினார்கள். நான் மட்டும் பஸ்ஸைப் பார்க்கவில்லை. பாடையைத் திரும்பிப் பார்த்தேன்.

அவளிடமிருந்து எனக்கு மிஞ்சியது அந்த ஹார்ன் சத்தம்தான். இப்போதும் எந்த வண்டி ஹார்ன் அடித்தாலும் என் கை தானாகத் தட்டிவிடுகிறது. "இன்னா பெருசு, பஸ்ஸையே பாத்ததில்லயா?" என்று ஸ்டாப்பில் நிற்கும் பையன்கள் கேட்கிறார்கள்.

"பஸ் இல்லப்பா, அது தேவகி" என்கிறேன்.