விலைபோன வீட்டுக்கு ஒரு குலவை

அலெக்ஸாந்திரியாவில், அன்ஃபூஷி டிராம் வளைகிற இடத்துக்குப் பின்சந்தில், மூன்றாம் மாடி வீடு விலைபோன அன்று அதற்குக் குலவையிட்டவள் தஹானிதான். விற்கிறார்கள் என்றே அவளுக்குத் தெரியாது. ஊரான் ஒருவன் ஏமாற்றியிருந்தால் சபித்துவிட்டு அடுத்த வேலையைப் பார்க்கலாம். இவன் கூடப் பிறந்த தம்பி. இவள் இடுப்பில் தூக்கி வளர்த்தவன்.

அந்த வீட்டில்தான் தஹானி பிறந்தாள். துறைமுகத்தில் பாரம் தூக்கும் எந்திரம் ஓட்டிய அப்பா, சம்பாதித்து வாங்கிய வீட்டை மகன் ஷவ்கி பேரில் எழுதினார். பெண் இன்னொரு வீட்டுக்குப் போகிறவள் என்பது அவர் நினைப்பு. எழுதிய கையோடு மகனைக் கூப்பிட்டு, "உன் அக்கா எப்ப திரும்பி வந்தாலும் இந்தக் கதவு அவளுக்குத் தொறக்கணும்டா" என்றார். ஷவ்கி தலைமேல் கை வைத்துச் சத்தியம் செய்தான்.

அவள் திரும்பி வந்தாள். புருஷன் கட்டட வேலைக்கென்று லிபியா போனவன், போனவன்தான். கைக்குழந்தை ரீஹாமோடு வந்தவள் பிறகு அந்த வீட்டைவிட்டு நகரவே இல்லை. ஆபீஸுக்குப் போகும் பெண்களுக்குச் சுரைப்பிஞ்சு குடைந்து கொடுப்பாள், திராட்சை இலையில் அரிசி வைத்துச் சுருட்டிக் கொடுப்பாள். வாங்கிப்போனவர்கள் அடுப்பில் ஏற்றினால் போதும், சாப்பாடு தயார். அதில்தான் மகளைப் படிக்கவைத்தாள். ரீஹாம் மருந்துக்கடையில் வேலைக்குச் சேர்ந்தாள். அதற்குள் தஹானியின் அம்மா படுத்த படுக்கையாகிவிட்டாள். கடற்காற்று முன்னறையில்தான் வரும் என்று கட்டிலை அங்கே போட்டு, அம்மா கண்மூடும்வரை தஹானிதான் பார்த்தாள். ஷவ்கி கெய்ரோவிலிருந்து பெருநாளுக்குப் பெருநாள் வந்தான். ஆரஞ்சுப் பழம் வாங்கி வருவான். பாவம், அதையும் சொல்லத்தானே வேண்டும்.

அம்மா போன பிறகும் கட்டிலை எடுக்கத் தஹானிக்கு மனம் வரவில்லை. தங்கப்பூச்சு நாற்காலிகள் வெள்ளைத் துணி போர்த்திச் சுவரோரம் நின்றன. வீடு முழுக்கத் தைல வாசனை.

அந்தச் சமயத்தில்தான் ஷவ்கி, மஹ்ரூஸ் என்ற வீட்டுத் தரகனைப் பிடித்தான். கெய்ரோவின் புதுக் குடியிருப்பில் பெரிய வீடு வேண்டும் என்று அவன் மனைவிக்கு ஆசை. மஹ்ரூஸ் இரண்டு முறை ஆட்களைக் கூட்டிவந்தான். சுவர் விரிசல் பார்க்க வந்த நகராட்சிக்காரர்கள் என்று தஹானியிடம் சொல்லப்பட்டது. அவளும் நம்பித் தேநீர் கொடுத்தாள். வந்தவர்கள் நடையைத் தாண்டவில்லை.

பிறகு காப்பிக்கடையில் மஹ்ரூஸ் ஷவ்கியிடம் சொன்னானாம். இதைப் பின்னாளில் அவனே, வெட்கமில்லாதவன், எல்லாரிடமும் சொல்லித் திரிந்தான்.

"வீடு வாங்க வர்றவன் செங்கல்லையா பாக்குறான்? மூக்கால பாக்குறான்யா! உள்ள வந்ததும் இங்க நாம சந்தோஷமா சோறு தின்போமான்னு யோசிக்கிறான். உங்க வீட்டுல செத்த கிழவி இன்னும் படுத்திருக்கா."

"சாமான் வாடகைக்கு எடுத்து அடுக்கட்டுமா?"

"அடுக்கு. அடுக்கிட்டு உங்க அக்கா மூஞ்சிய என்ன பண்ணுவ? அதையும் வாடகைக்கு எடுப்பியா? அந்த வீடு கல்யாண வீடு மாதிரி இருக்கணும். அப்பக் கூட்டிட்டு வரேன்."

கல்யாண வீடு என்ற சொல்லைத்தான் ஷவ்கி பிடித்துக்கொண்டான்.

அடுத்த வெள்ளிக்கிழமை இனிப்புப் பெட்டியோடு வந்து நின்றான். தஹானி சுரைப்பிஞ்சு குடைந்துகொண்டிருந்தாள்.

"அக்கா, நம்ம ரீஹாமுக்கு ஒரு எடம் வந்திருக்கு."

கையிலிருந்த காய் தரையில் உருண்டது. ரீஹாமுக்கு முப்பது நெருங்கிக்கொண்டிருந்தது. "உன் பொண்ணை வெச்சு எப்பம்மா நாங்க சந்தோஷப்படப் போறோம்?" என்று படியில் ஏறுகிறவர் இறங்குகிறவர் எல்லாம் கேட்டுக்கேட்டுத் தஹானியின் காது புண்ணாகியிருந்தது.

"யாருடா? எந்த ஊரு?"

"துணிக்கடை ஹாஜ் ஃபத்ஹியோட மகன். இன்ஜினியர், குவைத்துல இருந்து வந்திருக்கான். ஆனா அவங்க வீடு பாக்குற ஆளுங்க, அக்கா. பொண்ணு வளந்த வீட்டைப் பாத்துட்டுத்தான் மேல பேசுவாங்க."

"வந்து பாக்கட்டுமே. என் வீட்டுல என்ன கொற?"

"கொறையா? உள்ள வந்தா ஆஸ்பத்திரி மாதிரி இருக்கு! இன்னொண்ணு. அவங்க எதிர்ல நீ கல்யாணப் பேச்சையே எடுக்காத. பொண்ணு வீடு பறந்தா மதிப்பு போயிடும். ஆம்பளைங்க நாங்க பேசிக்கிறோம்."

அந்தப் பக்கத்தில், வீடு வாங்க இருந்த ஹாஜ் ஃபத்ஹியிடம் என்ன சொல்லியிருந்தான் தெரியுமா? "எங்க அக்காவுக்கு அந்த வீட்டு மேல உசுரு. அவ காதுபட விலை, பத்திரம்னு பேசாதீங்க, அழுதுடுவா." இப்படி இரண்டு பக்கத்து வாயையும் கட்டிவிட்டான்.

தஹானி வேலையில் இறங்கினாள். அம்மாவின் கட்டிலைக் கழற்றிப் பள்ளிவாசலுக்குக் கொடுத்தாள். அன்று முழுக்க அழுதாள், ஆனால் கை நிற்கவில்லை. நாற்காலிகளின் போர்வையை உரித்தாள். பீரோவுக்கு அடியில் ரீஹாமின் சீர்ப்பெட்டி இருந்தது. பெண் பிறந்ததிலிருந்து கொஞ்சம்கொஞ்சமாகச் சேர்த்தது. அதிலிருந்த திரைச்சீலைகளை இதுவரை மடிப்புப் பிரித்ததில்லை. மாப்பிள்ளை வீட்டில் தொங்கவேண்டியவை. அவற்றையும் எடுத்து மாட்டினாள். கீழ்வீட்டு உம்மு வலீத் தன் கம்பளத்தைக் கொடுத்தாள்.

ஷவ்கி பெயிண்ட் டப்பாவோடு வந்து அவனே நின்று அடிக்கவைத்தான். கடல் ஈரம் ஏறிக் கறுத்திருந்த மூலைக்குக் கண்ணாடி அலமாரியை நகர்த்தினான். "அதுல பாதிச் சாமானை எடுத்துடு. நெறைய இருந்தா ரூம் சின்னதா தெரியும்." பால்கனிக்கு எதிர்ச்சுவரில் ஒரு பெரிய கண்ணாடியை மாட்டினான். வெளிச்சம் இரண்டாகிவிட்டது. "செத்தவங்க படத்தையெல்லாம் உள்ள வை. அன்னிக்கு மீன் பொரிக்காத. ஆரஞ்சு கேக் போடு. அவங்க படி ஏறுறப்ப அது அடுப்புல இருக்கணும்."

உம்மு வலீத் வாயில் கை வைத்தாள். "முட்ட வேக வெக்கத் தெரியாதவன், இவனுக்கு இதெல்லாம் எங்கடி தெரிஞ்சுது?"

"மருமகளுக்கு மாப்பிள வரான்னா மாமனுக்கு எல்லாம் தெரியும்" என்றாள் தஹானி. தம்பியை நினைத்து அவளுக்கு நெஞ்சு நிறைந்திருந்தது. ஒன்றும் செய்யாதவன் என்று இத்தனை நாள் திட்டினோமே என்று மனதுக்குள் மன்னிப்புக்கூடக் கேட்டுக்கொண்டாள்.

அவர்கள் வந்தார்கள். ஹாஜ் ஃபத்ஹி, அவர் மனைவி ஹாஜ்ஜா வஜீதா, மகன், கூடவே மஹ்ரூஸ். அவனை ஷவ்கியின் நகராட்சிக்காரக் கூட்டாளி என்றார்கள். வாசலிலேயே ஹாஜ்ஜா மூச்சை இழுத்துவிட்டு நின்றாள். "மாஷா அல்லாஹ், எங்க உம்மா வீட்டுக்கு வந்த மாதிரி இருக்கு." பால்கனிக்குப் போனாள், திரையைத் தடவினாள், திரும்பி வந்தாள், தங்கப்பூச்சு நாற்காலியில் உட்கார்ந்தவள் எழுந்திருக்கவே இல்லை. மகன் குழாய்களைத் திறந்து திறந்து மூடினான். சன்னல் கொக்கிகளை ஆட்டிப் பார்த்தான். ரீஹாம் நீலச் சட்டையில் காப்பித் தட்டோடு வந்தபோது அவன் கூரையில் விரிசல் தேடிக்கொண்டிருந்தான்.

அவர்கள் போனதும் உம்மு வலீத் மேலே ஓடிவந்தாள். "என்னடி, மாப்பிள எப்படி?"

"இன்ஜினியர்ல! எதைப் பாத்தாலும் தொறந்து பாக்குறான். வெக்கப்படுற புள்ள, பொண்ணைக்கூட நிமிந்து பாக்கல."

"வெக்கப்படுற ஆம்பள கிடைக்கிறது கஷ்டம்டி. கெட்டியா பிடிச்சுக்க!"

வாரம் திரும்புவதற்குள் மறுபடி வந்தார்கள். ஆண்கள் முன்னறையில் உட்கார்ந்தார்கள். ஹாஜ்ஜா நேராகச் சமையலறைக்கு வந்து, "அந்தக் கேக்கை எப்படிச் செய்யற, எனக்குச் சொல்லு ரீஹாமம்மா" என்று முக்காட்டை இறுக்கிக்கொண்டு பக்கத்தில் நின்றாள். தஹானிக்குக் கால் தரையில் பாவவில்லை. சம்பந்தி என்றால் இப்படியல்லவா இருக்கவேண்டும்! தோலைத் துருவும்போது வெள்ளை வரக்கூடாது, கசக்கும் என்று சொல்லிக்கொண்டிருந்தவள், முன்னறையில் பேச்சு அடங்கியதைக் கேட்டாள். எட்டிப் பார்த்தாள். ஷவ்கியும் ஹாஜ் ஃபத்ஹியும் கையேந்தி பாத்திஹா ஓதிக்கொண்டிருந்தார்கள்.

அந்த ஊரில் பெண் முடிவானால் அப்படித்தான் ஓதுவார்கள். வீடு, கடை, படகு கைமாறினாலும் அப்படித்தான் ஓதுவார்கள். ஓதிவிட்டால் முடிந்தது. அதன்பிறகு மாறுகிறவன் மனிதனில்லை. தஹானி கண்டது பெண் முடிவானதை. கையை வாயருகே வைத்து நாக்கைச் சுழற்றி அவள் இட்ட குலவையில் சன்னல் கண்ணாடி அதிர்ந்தது. ஒருமுறை இட்டாள், மறுபடி இட்டாள். கீழிருந்து உம்மு வலீத் பதில் குலவையிட்டாள். எதிர்வீட்டுப் பால்கனியில் யாரோ இட்டார்கள்.

ஹாஜ்ஜா அவளைக் கட்டிப்பிடித்துக்கொண்டாள். கண்ணில் தண்ணீர்.

"உன் மனசு யாருக்கு வரும்! நீ அழுவேன்னு உன் தம்பி சொன்னான். குலவையே போட்டுட்டியே! என் மருமகளா வரப்போறவ தமன்ஹூர் பொண்ணு, ரொம்பச் சின்னவ. கல்யாணம் முடிஞ்சு இந்த வீட்டுலதான் குடித்தனம் வெக்கப்போறா. உன் கைராசி அவளுக்கும் ஒட்டட்டும், ரீஹாமம்மா."

தஹானி முதலில் அடுப்பை அணைத்தாள். கை அதைத்தான் செய்தது.

"எந்த வீட்டுல?"

"இதுலதான். இப்ப ஓதுனாங்களே, அப்புறம் எதுக்கு ஓதுனாங்க?" என்ற ஹாஜ்ஜா அவள் முகத்தைப் பார்த்து நிறுத்தினாள். "யா ரப்பீ! உனக்குத் தெரியாதா?"

அதற்குள் படி முழுக்கச் செருப்புச் சத்தம். உம்மு வலீத் ஒரு குடம் ரோஜா சர்பத்தோடு வந்துவிட்டாள், பின்னால் நாலு வீட்டுப் பெண்கள். "எங்கடி மாப்பிள? நெத்தியில முத்தம் குடுக்கணும்!" மகன் எழுந்து அப்பாவின் பின்னால் நின்றுகொண்டான். சர்பத்தை எங்கே வைப்பது என்று தெரியாமல் உம்மு வலீத் குடத்தோடு நின்றாள்.

தஹானி தம்பியைச் சமையலறைக்குள் கூப்பிட்டுக் கதவைச் சாத்தினாள்.

"வீடு உன் பேருல இருக்கு. விக்கணும்னா நேரா வந்து, விக்கறேன் அக்கான்னு சொல்லியிருக்கலாமேடா."

"சொன்னா நீ என்ன பண்ணியிருப்ப? அம்மா கட்டில்ல படுத்து அழுதிருப்ப. ரெண்டு பேர் வந்து நடையோட ஓடினாங்க, தெரியுமா? இன்னிக்கு நான் கேட்ட விலையை ஒரு பைசா கொறைக்காம குடுக்குறாரு. எதுக்கு? உன் மூஞ்சியைப் பாத்து! இந்த வீட்டுல இருந்தா இவளை மாதிரி இருக்கலாம்னு அந்தம்மா நெனச்சுது. அந்தச் சந்தோஷத்தை நான் எந்தக் கடையில வாங்குவேன், சொல்லு? உனக்கும் பங்கு தரேன்கா, சத்தியமா."

"உன் சத்தியத்தைக் கொண்டுபோய் அப்பா கபர்க்குழியில வை." அவள் குரலை உயர்த்தவில்லை. "சுவரை வித்த, சரி. அதுக்கு என் பொண்ணையாடா சன்னல்ல தொங்கவிட்ட? வெளக்கு மாதிரி, திரை மாதிரி?"

தஹானி கதவைத் திறந்தாள்.

வெளியே ஹாஜ்ஜா புருஷனிடம் சண்டை போட்டுக்கொண்டிருந்தாள். "இது பாவம், வேண்டாம்னு சொல்லுங்க." ஹாஜ் ஃபத்ஹி தலை குனிந்திருந்தார். "ஓதியாச்சு, வஜீதா. ஓதினதை எப்படி விழுங்குறது?" பிறகு தஹானியைப் பார்த்து, "ரெண்டு பெருநாளும் இந்த வீட்டுலயே கழிச்சிட்டுப் போங்க, ரீஹாமம்மா. அதுவரைக்கும் சாவி கேக்க மாட்டேன்" என்றார். அவரால் முடிந்தது அவ்வளவுதான்.

எல்லாரும் போன பிறகு தஹானி உள்ளறைக் கதவுக்கு வெளியே வெகுநேரம் நின்றாள். வீடு போனது ஒரு பாரம். இந்தக் கதவைத் திறந்து சொல்லவேண்டியது அதைவிடப் பாரம். திறந்தாள். ரீஹாம் அதே நீலச் சட்டையில் கட்டில் விளிம்பில் உட்கார்ந்திருந்தாள். எல்லாம் காதில் விழுந்திருந்தது.

"அவன் என்னைப் பாக்க வரலைன்னு எனக்கு அன்னிக்கே தெரியும்மா."

"தெரிஞ்சும் ஏண்டி சொல்லல?"

"நீ பாட்டுப் பாடிக்கிட்டே கேக் சுட்ட. நீ பாடி நான் கேட்டதே இல்ல. எப்படிச் சொல்வேன்?"

தஹானி மகளின் மடியில் முகத்தை வைத்து, அப்போதுதான் அழுதாள்.

ஹாஜ் கொடுத்த தவணையை அவள் எடுத்துக்கொள்ளவில்லை. அந்த மாதமே ஊரின் மேற்கே வர்தியான் பக்கம் இரண்டு அறை பிடித்து, கண்ணாடியிலிருந்து திரைவரை எல்லாவற்றையும் கழற்றிக்கொண்டு போனாள். ஷவ்கி கொடுத்த பங்கை வாங்கினாளா என்று சந்தில் கேட்பார்கள். வாங்கினாள். ஏன் வாங்கக்கூடாது? அம்மாவைக் கழுவித் துடைத்தவள் அவள். ஆனால் பணத்தை மஹ்ரூஸ் கையால்தான் வாங்கினாள், தம்பி கையால் இல்லை.

சில மாதம் கழித்து ஹாஜ்ஜா வஜீதா முகவரி விசாரித்து வந்தாள். "நான் பாத்த வீடு அந்த வீட்டுல இல்ல, ரீஹாமம்மா. அலமாரியை எடுத்ததும் மூலையெல்லாம் கறுப்பு. எவ்வளவு செலவு பண்ணியும் மருமக அங்க தனியா இருக்கப் பயப்படுறா. ஒருநாள் வந்து, நீ வெச்சிருந்த மாதிரி வெச்சுக் குடேன். என்ன கேட்டாலும் தரேன்."

தஹானி அவளுக்குத் தேநீர் கொடுத்தாள், சர்க்கரை தாராளமாகப் போட்டு. ஹாஜ்ஜாமேல் அவளுக்கு வருத்தம் இல்லை. அவளும் ஏமாந்தவள்தான்.

"அது வெச்சது இல்ல, ஹாஜ்ஜா. எனக்கு ஒரு மருமகன் வரப்போறான்னு இருந்தேன். அவ்வளவுதான் அந்த வீட்டுல இருந்துச்சு. அதை உங்களுக்கு நான் எங்கிருந்து கொண்டுவருவேன்?"

பெருநாளன்று ஷவ்கி வந்தான், ஆரஞ்சுப் பையோடு. கதவைத் தட்டி, "அக்கா, நான்தான்" என்றான். உள்ளே வெங்காயம் வதங்கும் சத்தம் அவனுக்குக் கேட்டிருக்கும். ரீஹாம் அம்மாவைப் பார்த்தாள். தஹானி நெருப்பைச் சற்றுக் குறைத்து, அரிசியைக் கொட்டிக் கிளறினாள். அவன் இன்னொரு முறை தட்டினான். பிறகு பையைக் கதவில் மாட்டிவிட்டு இறங்கிப்போனான். அதைப் பக்கத்து வீட்டுப் பிள்ளைகள் எடுத்துத் தின்றார்கள், தின்னட்டும்.