நாற்பது கேசட்டின் வேகம்

ஹோஷூவ் நிலக்கரிச் சுரங்கத்தில் முப்பது வருஷம் மின்சார வேலை பார்த்த ஏவால்ட் பீகா, ஒரு காலத்தில் த்ராஷ் மெட்டல் என்ற அதிவேக ராக் இசை வாசித்த கிதார்க்காரர். 1987-இல் அவரும் சுரங்கத் தோழர்கள் மூன்று பேரும் ஐந்து பாட்டுகளைப் பதிவு செய்தார்கள். எல்லாம் ஏவால்ட் எழுதியவை. எந்தக் கம்பெனியும் சீந்தவில்லை. மனைவி த்ரூடாதான் சமையலறையில் உட்கார்ந்து நாற்பது கேசட்டில் பிரதி எடுத்து, கேட்டவர்களுக்கெல்லாம் தபாலில் அனுப்பினார். இரண்டே வருஷத்தில் குழு கலைந்தது. அத்தோடு எல்லாம் முடிந்தது என்றுதான் ஏவால்ட் நினைத்திருந்தார்.

எங்கே முடிந்தது? அந்த நாற்பதும் கைக்குக் கை பிரதியாகிப் பெருகி எல்லை தாண்டிப் போயிருந்தன. முப்பத்தைந்து வருஷம் கழித்து, எல்லைக்கு அந்தப் பக்கமிருந்த ஆஸ்திராவா நகரத்திலிருந்து ரட்கா என்ற கிதார்க்காரி அவரைத் தேடிப்பிடித்து வந்தாள்.

"எங்க ஊர்ல கிதார் தொட்ட எல்லாருமே உங்க 'கருப்புத் தண்ணி' பாட்டுலதாண்ணே ஆரம்பிச்சோம். எங்க ஊர் இசை விழாவுல எங்க குழுவோட நீங்க அத வாசிக்கணும்."

ஏவால்ட் சரி என்றார். இரண்டு மாதம் கதவைச் சாத்திக்கொண்டு பழகினார்.

விழா நாள் மதியம் ஒத்திகை. ரட்கா குழுவின் டிரம்மர் நான்கு வரை எண்ணியதும் பாட்டு தலைதெறிக்க ஓடியது. மூன்று முறை முயன்றும் ஏவால்டால் பிடிக்க முடியவில்லை. கிதாரைக் கழற்றி வைத்துவிட்டார்.

"என்னை விட்டுடும்மா. எம் பாட்டே எனக்கு வரல. ரெண்டாயிரம் பேர் முன்னாடி மானம் போயிடும்."

"நீங்க வாசிச்ச வேகம்தாண்ணே இது! இதோட ஒட்டி வாசிக்க எனக்கு ரெண்டு வருஷம் ஆச்சு. விரல் தோலே உரிஞ்சுபோச்சு" என்று ரட்கா பழைய கேசட்டைப் போட்டுக் காட்டினாள்.

அதில் ஏவால்டின் கட்டைக் குரல் கீச்சுக்கீச்சென்று பாடியது. ஓரமாக உட்கார்ந்திருந்த த்ரூடா ஏவால்டைப் பார்த்து விழுந்து விழுந்து சிரித்தார்.

"அடக் கடவுளே, இது நான் பிரதி எடுத்த நம்ம கேசட் டெக் பண்ணின வேலை! கேசட்ட சுத்த வைக்கிற பெல்ட் அறுந்துபோச்சு, ஊரெல்லாம் அலைஞ்சும் கிடைக்கல. உன் ஜட்டி எலாஸ்டிக்க வெட்டி மாட்டினேன். அது மெதுவாச் சுத்தியிருக்கு. மெதுவாப் பதிஞ்சத அடுத்தவன் நல்ல டெக்ல போட்டா ஓடத்தானே செய்யும்?"

"ஏன்டி அப்பவே சொல்லல?"

"சொன்னா எந்த ஜட்டின்னு கேட்டு ஆடியிருப்பே. நம்ம டெக்லயே போட்டுக் கேட்டோம், சரியாத்தான் இருந்துச்சு."

ரட்காவின் முகம் விழுந்துவிட்டது. "அப்போ இத்தனை வருஷமா தப்பாவா வாசிச்சோம்? சரிண்ணே, இன்னைக்கு உங்க வேகத்துலயே வாசிப்போம்."

ஏவால்ட் கழற்றி வைத்த கிதாரைத் திரும்ப எடுத்து மாட்டிக்கொண்டார். கண் கலங்கியிருந்தது.

"வேணாம்மா. நான் எழுதினப்ப இது இவ்வளவு நல்லா இல்ல. நீங்க விரல் தேய உழைச்சு இப்படி ஆக்கியிருக்கீங்க. நீங்க ரெண்டு அடி அடிச்சா நான் ஒண்ணு அடிக்கிறேன். எனக்கு அது போதும்."

அப்படியே வாசித்தார். அவரே மறந்துபோயிருந்த வரிகளைக்கூடக் கூட்டம் அடிபிசகாமல் பாடியது. மானம் போகும் என்ற பயம் எங்கே போனதோ தெரியவில்லை. அந்த முகங்களுக்கெல்லாம் எப்படி நன்றி சொல்வது என்று மட்டும் தவித்தார்.

பாட்டு முடிந்ததும் ரட்கா மைக்கைப் பிடித்தாள்.

"பாட்டு, ஏவால்ட் பீகா! வேகம், த்ரூடா பீகா!"

இரண்டாயிரம் பேரும் த்ரூடாவின் பெயரைச் சொல்லிக் கத்தினார்கள். எல்லோரையும்விட உரக்கக் கத்தியவர் ஏவால்ட்.